லார்ட் டிமோதி டெக்ஸ்டர் பற்றிய புத்தகங்கள்: எதை வாங்கலாம், எதை எவ்வளவு நம்பலாம்

வெயில் கொளுத்தும் மேற்கிந்தியத் தீவுகளுக்குப் படுக்கையைச் சூடாக்கும் பித்தளைச் சட்டிகளைக் கப்பல் கப்பலாக அனுப்பி, அதிலும் லாபம் பார்த்த முட்டாள் வியாபாரி: டிமோதி டெக்ஸ்டர் என்று இணையத்தில் தேடினால் முதலில் வந்து நிற்பது இந்தக் கதைதான். ஒன்றைப் பார்த்து இன்னொன்று எழுதப்பட்டதால் பெரும்பாலான கட்டுரைகளில் அதே நான்கைந்து கதைகள்தான் திரும்பத் திரும்ப வருகின்றன. ஆளை உருப்படியாகத் தெரிந்துகொள்ள வேண்டுமானால் புத்தகங்களுக்குத்தான் போக வேண்டும். கையில் எடுக்கத் தகுந்தவை ஐந்தாறு தேறும். எதை முதலில் எடுக்கிறோம் என்பதில் மட்டும் கவனம் வேண்டும். வரிசை தப்பினால் கடைசியில் மிஞ்சுவது ஒரு கோமாளியின் படம்தான்.

ஆளைத் தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாக: 1747இல் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்து மால்டனில் பிறந்தவர். எட்டு வயதோடு பள்ளிக்கூடம் முடிந்தது. பண்ணை வேலை பார்த்துவிட்டுப் பதினாறு வயதில் தோல் பதனிடும் தொழில் பழகப் போனார். 1769இல் நியூபரிபோர்ட் என்ற துறைமுக ஊருக்குக் குடிவந்து, மறு வருடம் எலிசபெத் ஃப்ராதிங்ஹாம் என்ற கைம்பெண்ணை மணந்தார். அந்த அம்மாள் சில்லறைக் கடை நடத்தினார். இவர் தோலும் கையுறையும் விற்றார். அடுத்த இருபதாண்டுகளில் சுதந்திரப் போர் வந்து முடிந்தது. அதன்பின் இவர் திடீர்ப் பணக்காரர். மாளிகை வாங்கினார், கப்பல் வாங்கினார், 'லார்ட்' என்று தனக்குத் தானே பட்டம் சூட்டிக்கொண்டார். வீட்டு வாசலில் நாற்பது மரச் சிலைகளை நிறுத்தினார். 1806இல் இறந்தார்.

முதலில் படிக்க வேண்டியது டெக்ஸ்டரே எழுதிய 'எ பிக்கிள் ஃபார் த நோயிங் ஒன்ஸ்'. 1802இல் மாசசூசெட்ஸின் சேலத்தில் அச்சாகி, பெரும்பாலும் இலவசமாக வினியோகிக்கப்பட்ட சிறு நூல். மொத்தமே ஒன்பதாயிரம் சொற்களுக்குள் அடங்கும். அரசியல், மதம், மனைவி மீதான புகார், வழக்கறிஞர்கள் மீதான எரிச்சல், தான் சம்பாதித்த கதை எல்லாம் கலந்துகட்டி இருக்கும். முற்றுப்புள்ளி, கால்புள்ளி எதுவும் இல்லை. எழுத்துப்பிழை இல்லாத வரியும் அரிது. தொடக்கத்தை அதே தோரணையில் தமிழில் சொன்னால் ஏறக்குறைய இப்படி வரும்: "நாண் அமேரிக்க அய்க்கிய நாட்டின் முதள் பிரபு இப்போ நியூபரிபோட்டில் இது சணங்களின் குரள் நாண் என்ன செய்ய". இதைக் கண்ணால் படிக்க முயன்றால் இரண்டாம் பக்கத்திலேயே கை ஓய்ந்துவிடும். வாய்விட்டுப் படிக்க வேண்டும். அவர் எழுதியது காதில் விழுந்த ஒலியை. நாக்கில் வந்ததும் சொல் பிடிபட்டுவிடும், மூச்சு முட்டும் இடத்தில் வாக்கியமும் முடியும். ஒரு மணி நேரத்துக்குள் முடித்துவிடலாம்.

இரண்டாம் பதிப்பில்தான் அவருடைய பெயர்பெற்ற பதில் இருக்கிறது. நிறுத்தக்குறி இல்லை என்று குறை சொன்னவர்களுக்காகக் கடைசியில் வரிசை வரிசையாகக் கால்புள்ளி, அரைப்புள்ளி, கேள்விக்குறி, வியப்புக்குறி எல்லாவற்றையும் அச்சடித்து, வேண்டியவர்கள் வேண்டிய இடத்தில் உப்பும் மிளகும் போலத் தூவிக்கொள்ளட்டும் என்று எழுதினார். வாங்கும்போது முதலில் சரிபார்க்க வேண்டியது இந்தப் பக்கத்தைத்தான். ஆர்டர் கொடுத்தால் அச்சடித்து அனுப்பும் மலிவுப் பிரதிகள் பல, ஸ்கேன் செய்த பக்கங்களைக் கணினி எழுத்தாக மாற்றி எடுத்தவை. அந்த மென்பொருளுக்கு நிறுத்தக்குறி வரிசை வெறும் தூசிபோலத் தெரியும். அந்தப் பக்கம் குப்பையாக வரும், அல்லது காணாமலே போகும். பிழையான சொற்களிலும் இதே சிக்கல். டெக்ஸ்டர் செய்த பிழை எது, மென்பொருள் செய்த பிழை எது என்று பிரிக்க முடியாது. ஆகவே பக்கங்களைப் படமாகவே காட்டும் பிரதியை எடுங்கள். எழுத்துப்பிழையைத் திருத்தி, நிறுத்தக்குறி இட்டுக் கொடுக்கும் பதிப்பு ஒரு பக்கம் புரியாதபோது துணைக்குப் பார்க்க மட்டும் உதவும். அதை மூலமாக வைத்துப் படித்தால் குரல் போய்விடும். குரலுக்காகத்தானே இந்தப் புத்தகத்தையே எடுக்கிறோம்.

பிக்கிளை முதலில் படிக்கச் சொல்வதற்கு முக்கியமான காரணம் இன்னொன்று. பிற்காலப் புத்தகங்களில் வரும் பிரபலமான வியாபாரக் கதைகளில் சில அவர் வாயாலேயே வந்தவை, எண்ணிக்கையோடு. சட்டிகள் 42,000, ஒன்பது கப்பல்களில், 79 சதவீத லாபம். பைபிள்கள் 21,000, ஒன்று 41 சென்ட் விலையில், லாபம் நூறு சதவீதத்துக்குச் சற்று மேல். அடுத்தது திமிங்கில எலும்பு: பெண்களின் இறுக்கச் சட்டையில் கம்பிக்குப் பதிலாக வைப்பது. அதை 340 டன் அளவுக்கு வளைத்துப்போட்டு 75 சதவீதம் பார்த்ததாகச் சொல்கிறார். இந்த எண்களை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டு மற்றப் புத்தகங்களுக்குப் போனால், யார் எந்த இடத்தில் கதையை ஊதுகிறார்கள் என்பது உடனே தெரியும்.

எண்களை அவர் சொன்னார் என்பதற்காக அப்படியே ஏற்க வேண்டியதில்லை. சட்டிக் கணக்கையே எடுத்துக்கொள்வோம். படுக்கைச் சட்டி என்பது ஓரடி அகலப் பித்தளைப் பாத்திரம், கீல் வைத்த மூடி, மூன்றடிக்குக் குறையாத மரக் கைப்பிடி. அடுப்புக் கங்கைப் போட்டுக் குளிர்காலத்தில் விரிப்புக்குள் தள்ளுவார்கள். இதில் 42,000 என்றால் கப்பலுக்கு 4,600க்கு மேல். 1790 குடிக்கணக்கில் நியூபரிபோர்ட்டின் மக்கள்தொகை 4,837. ஊரில் பச்சைக்குழந்தை உட்பட ஆளுக்கு எட்டுச் சட்டிக்கு மேல் வருகிறது. ஒரு சட்டிக்கு அரை டாலர் என்று மலிவாகப் போட்டாலும் முதலீடு 21,000 டாலர். அவர் இறந்தபோது விட்டுப்போன சொத்தே ஏறத்தாழ 35,000 டாலர்தான். ஒரே சரக்கில், அதுவும் கனவில் மூன்று இரவு வந்தது என்பதற்காக, இவ்வளவு பணத்தை முடக்கினார் என்பதை நம்ப முடியவில்லை. பைபிள் கணக்கு அப்படியல்ல. 21,000 பிரதிக்கு 8,610 டாலர். பெரிய தொகைதான், ஆனால் அவருடைய நிலையில் இருந்தவரால் புரட்ட முடியாத தொகை அல்ல. ஆக எண்கள் எல்லாமே ஒரே அளவுக்குப் பொய் இல்லை. இந்த வித்தியாசத்தைக் கவனிக்காத புத்தகம் பயன்படாது.

இரண்டாவதாக சாமுவேல் நாப் எழுதிய வாழ்க்கை வரலாறு, 1838. நாப் நியூபரிபோர்ட்டிலேயே 1783இல் பிறந்தவர், வழக்கறிஞர். டெக்ஸ்டர் இறக்கும்போது அவருக்கு வயது இருபத்துமூன்று. டெக்ஸ்டரின் வீடும் சிலைகளும் இருந்த காலத்து ஊரில் வளர்ந்தவர். மற்ற எந்த ஆசிரியருக்கும் இந்தத் தகுதி இல்லை. டெக்ஸ்டரைச் சுற்றி இருந்தவர்களைப் பற்றிய பகுதிகளுக்காகவே இந்தப் புத்தகத்தை வாங்கலாம். மீன் விற்றுக்கொண்டே பாட்டும் எழுதி விற்ற ஜானதன் பிளம்மரை டெக்ஸ்டர் தன் ஆஸ்தான கவிஞராக வைத்துக்கொண்டார். அவர் தலையில் சூட்டியது பார்ஸ்லிக் கீரை மாலை. குறி சொன்ன மேடம் ஹூப்பர், வீட்டை நிர்வகித்த கறுப்பினப் பெண் லூசி லங்காஸ்டர் என்று ஆட்கள் உயிரோடு வருகிறார்கள். லூசியின் அறிவுக்கு நாப் கொடுக்கும் மரியாதை அந்தக் காலத்துக்கு அபூர்வம்.

ஆனால் நாப் எழுதியது டெக்ஸ்டர் இறந்து முப்பதாண்டுக்குப் பிறகு. இடையில் 1807 கப்பல் தடைச் சட்டம் ஊரின் வணிகத்தை முடக்கியது, 1811 தீ ஊரின் நடுப்பகுதியை அழித்தது, 1815 செப்டம்பர் புயல் மரச் சிலைகளில் பெரும்பாலானவற்றைச் சாய்த்தது. பழைய செழிப்பை எண்ணி ஏங்கும் ஊர் தன் கிறுக்குப் பணக்காரரைப் பற்றிச் சொல்லச் சொல்லச் சேர்த்துக்கொண்ட கதைகள் நாப்பின் காதுக்கு வந்திருக்கின்றன. சட்டிகளை மூடியைக் கழற்றி வெல்லப்பாகு மொள்ளும் கரண்டியாக விற்ற கதையை எடுத்துப் பாருங்கள். பிக்கிளில் டெக்ஸ்டர் சொல்வது சமையலுக்குப் பயன்பட்டது என்பது மட்டுமே. பாகு, கரண்டி எல்லாம் மற்றவர்கள் கட்டியது. நியூகாசிலுக்கு நிலக்கரி அனுப்பினார், அங்கே அந்த நேரம் பார்த்து வேலைநிறுத்தம் நடந்தது என்ற கதை எனக்கு இன்னும் சந்தேகம். கொல்லன் தெருவில் ஊசி விற்பது என்று நாம் சொல்வதற்கு ஆங்கிலேயர்கள் டெக்ஸ்டர் பிறப்பதற்கு வெகுகாலம் முன்பிருந்தே சொல்லிவந்தது நியூகாசிலுக்குக் கரி கொண்டுபோவது என்ற பழமொழி. பழமொழிக்குக் கைகால் வைத்து ஓர் ஊர்க்காரர் மேல் ஏற்றியதாகத்தான் தெரிகிறது.

அடுத்தது பணம். டெக்ஸ்டர் புத்தகங்களைத் தரம் பிரிக்க ஒரே சோதனை போதும்: போர்க்கால அரசுக் காகிதத்தை அவர் வாங்கிய கதையை அந்தப் புத்தகம் எப்படிச் சொல்கிறது என்று பாருங்கள். போர்ச் செலவுக்காக அமெரிக்கக் காங்கிரஸ் அச்சடித்து மதிப்பிழந்துபோன கான்டினென்டல் நோட்டுகளைச் சல்லிக்காசுக்கு வாங்கினார், நிதிச் செயலர் ஹாமில்டன் முழு விலை கொடுத்தார், கோடீஸ்வரரானார் என்று ஒரே மூச்சில் சொல்லும் புத்தகத்தை மூடி வைத்துவிடலாம். 1790 ஆகஸ்ட் கடன் சட்டத்தின்படி அந்தக் காகித நோட்டுகள் நூற்றுக்கு ஒன்று என்ற விகிதத்தில்தான் எடுத்துக்கொள்ளப்பட்டன. ஆயிரம் டாலர் நோட்டுக்குப் பத்து டாலர் மதிப்புப் பத்திரம், அவ்வளவே. 1781 வாக்கில் நோட்டின் மதிப்பு ஐநூறு, ஆயிரத்துக்கு ஒன்று என்று விழுந்திருந்தது. அந்த நேரத்தில் வாங்கி வைத்தவருக்கு இதிலும் நல்ல லாபம் உண்டு. ஆனால் மாளிகை வாங்கும் அளவுக்குச் சேர வேண்டுமானால் மூட்டை மூட்டையாக நோட்டு வேண்டும்.

அரசு வாங்கிய கடனுக்குக் கொடுத்த பத்திரங்களின் கதை முற்றிலும் வேறு. அவற்றின் அசல் முழு மதிப்பில் ஏற்கப்பட்டது. மூன்றில் இரண்டு பங்குக்கு உடனே ஆறு சதவீத வட்டி, மீதி ஒரு பங்குக்கு 1800க்குப் பிறகு ஆறு சதவீதம், பாக்கி வட்டிக்கு மூன்று சதவீதப் பத்திரம். சட்டம் வருமுன் சந்தையில் இவை டாலருக்கு இருபது, இருபத்தைந்து சென்ட் அளவில்தான் கைமாறின. வசதியில்லாத படைவீரர்கள் அவசரத்துக்கு விற்றார்கள், கையில் ரொக்கம் இருந்தவர்கள் வாங்கினார்கள். அதே சட்டத்தில் மாநிலக் கடன்களையும் மத்திய அரசு எடுத்துக்கொண்டது. மொத்தம் 2 கோடியே 15 லட்சம் டாலர், அதில் மாசசூசெட்ஸுக்கு மட்டும் 40 லட்சம். பாஸ்டன் சுற்றுவட்டாரத்தில் காகிதம் வாங்கி வைத்தவர்களுக்கு நல்ல அறுவடை.

நாப்பின் புத்தகம் இந்த இடத்தில் பின்னால் வந்த பலரைவிட மேல். ஆளுநர் ஜான் ஹான்காக்கும் பெருவணிகர் தாமஸ் ரஸ்ஸலும் மக்களுக்கு நம்பிக்கை வரட்டும் என்று அரசுப் பத்திரங்களை வாங்கியதைப் பார்த்து, டெக்ஸ்டரும் தன் பணத்தையும் மனைவியின் பணத்தையும் சேர்த்துச் சிறிய அளவில் அதையே செய்தார் என்பது அவர் சொல்லும் செய்தி. மனைவியின் பணம் என்ற அந்த விவரத்தைப் பிற்காலத்தவர்கள் ஒரே வரியில் கடந்துவிடுகிறார்கள். முதல் போட்டது எலிசபெத்தின் கடையும்தான். கைவிடப்பட்ட காகிதத்தை வாங்கக் கையில் ரொக்கம் இருந்தது அதனால்தான். குருட்டு அதிர்ஷ்டம் என்பதைவிட, பெரிய மனிதர் எதை வாங்குகிறார் என்று பார்த்து வாங்கிய சிறு வியாபாரியின் துணிச்சல் என்பதே பொருந்துகிறது.

இந்தக் கோணத்தில் மேலும் போக விரும்புவோருக்கு வில்லியம் டாட் 1886இல் வெளியிட்ட சிறு நூல். டெக்ஸ்டரின் வாழ்க்கையையும் உண்மைக் குணத்தையும் விசாரிப்பதாகத் தலைப்பிலேயே சொல்லிவிடுகிறது. பக்கம் குறைவு, நடை வறட்சி. கதை கேட்கும் ஆசையில் திறந்தால் ஏமாற்றம்தான். ஆனால் நாப்பைப் படித்த மறுநாளே இதைப் படித்தால் எந்தக் கதைக்கு எவ்வளவு எடை என்பது பிடிபடும். நியூபரிபோர்ட் ஏழைகளுக்காக 2,000 டாலர் எழுதிவைத்த உயில், வாங்கி விற்ற வீடுகள் போன்ற விவரங்களில் தெரியும் டெக்ஸ்டர் நிதானமான ஆள்.

சுவையாகப் படிக்க வேண்டும் என்றால் ஜான் மார்குவாண்டின் 1925 புத்தகம்தான். பின்னாளில் நாவலுக்காக 1938இல் புலிட்சர் பரிசு பெற்றவர், நியூபரிபோர்ட்டோடு குடும்பத் தொடர்பு உள்ளவர். தொடக்கம் மெதுவாக நகரும். நீண்ட வாக்கியங்கள், பழைய தெருக்கள், பழைய குடும்பங்கள். பொறுமையாகப் போனால் டெக்ஸ்டர் ஏன் ஊருக்குப் பிடிக்காதவரானார் என்பது புரியும். போர்க்காலத்தில் தனியார் போர்க்கப்பல்களை அனுப்பிப் பெரும்பணம் பார்த்த நத்தானியேல் டிரேசி 1786இல் திவாலானார். ஸ்டேட் ஸ்ட்ரீட்டில் அவர் வாழ்ந்த மாளிகைக்குத்தான் டெக்ஸ்டர் குடிபோனார். இன்று அது ஊரின் பொது நூலகம். பிறகு 1798இல் ஹை ஸ்ட்ரீட்டில் டெக்ஸ்டர் வாங்கியதும் இன்னொரு பெரிய வணிகரான ஜானதன் ஜாக்சனுடைய வீடு. பழைய பணக்காரர்கள் இழந்த வீடுகளில் ஒரு தோல்காரர் குடியேறுகிறார், வாசலில் கப்பல் சிற்பி ஜோசப் வில்சனைக் கொண்டு வாஷிங்டன், ஆடம்ஸ், ஜெஃபர்சனை நிறுத்துகிறார், தன் சிலையையும் சேர்த்து நிறுத்தி அதன் கீழே "கிழக்கில் முதல்வன், மேற்கில் முதல்வன், மேற்குலகின் மிகப்பெரிய தத்துவஞானி" என்று எழுதுகிறார். முட்டாள் என்ற பெயர் யார் வாயிலிருந்து முதலில் வந்திருக்கும் என்று ஊகிக்கப் பெரிய ஆராய்ச்சி வேண்டாம்.

மார்குவாண்ட் மீது எனக்கு ஒரு குறை உண்டு, நாப் மீதும் அதே குறை. டெக்ஸ்டர் உயிரோடு இருக்கும்போதே தனக்கு இறுதிச் சடங்கு நடத்தினார், மூவாயிரம் பேர் வந்தார்கள், போதுமான அளவு அழவில்லை என்று மனைவியைப் பிரம்பால் அடித்தார் என்ற செய்தி இந்த வகைப் புத்தகங்களில் வேடிக்கையாகவே பரிமாறப்படுகிறது. மனைவி இறந்துவிட்டாள், வீட்டில் நடமாடுவது அவள் ஆவி என்று வருவோரிடம் சொன்னதும் அப்படியே. எலிசபெத்தை முதல் போட்ட பங்காளியாகவும் அடிவாங்கிய மனைவியாகவும் ஒருசேரப் பார்க்கும் எழுத்து இந்த வரிசையில் இல்லை. பிக்கிளில் அவரைப் பற்றி வரும் புகார்களைப் படிக்கும்போது இதை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

மார்குவாண்ட் தான் இறந்த 1960ஆம் ஆண்டிலேயே டெக்ஸ்டரிடம் திரும்பி இரண்டாவது புத்தகம் ஒன்றும் எழுதியிருக்கிறார். அதில் டெக்ஸ்டரைவிட ஊர் மாறிப்போன வருத்தமே அதிகம். முதல் புத்தகம் பிடித்தவர்கள் எடுக்கலாம். டெக்ஸ்டருக்காக மட்டும் என்றால் தேவையில்லை. இர்விங் வாலஸ் 1957இல் அமெரிக்கக் கிறுக்கர்கள் பற்றி எழுதிய 'த ஸ்கொயர் பெக்ஸ்' நூலில் ஒரு அத்தியாயம் டெக்ஸ்டருக்கு. ரயிலில் ஒரு பயணத்துக்குப் போதும், விறுவிறுப்பானது. அதோடு நிறுத்திவிட்டால் இணையக் கதைகளிலிருந்து அதிக தூரம் போயிருக்க மாட்டீர்கள்.

வாங்கும் விஷயம். தனித்தனியாகத் தேடி அலையாமல் 1858இல் பாஸ்டனில் வந்த பதிப்பைத் தேடுங்கள். நாப்பின் வரலாறும் பிக்கிளும் ஒரே அட்டைக்குள் இருக்கும். மறுபதிப்பு விற்பவரின் பக்கத்தில் வெறும் 'லைஃப் ஆஃப் டிமோதி டெக்ஸ்டர்' என்று மட்டும் போட்டிருந்தால் எந்த ஆண்டின் பிரதியைப் படம் எடுத்தது என்று கேளுங்கள். 1838 என்றால் பிக்கிள் உள்ளே இருக்கிறதா என்று தனியாகக் கேட்க வேண்டும். பொருளடக்கப் பக்கத்தின் படமும் கடைசி நான்கு பக்கங்களின் படமும் அனுப்பச் சொல்லுங்கள். அனுப்ப மறுக்கும் கடையில் வாங்க வேண்டாம். 1805இல் ஜேம்ஸ் ஏகின் செதுக்கிய, டெக்ஸ்டர் தொப்பியும் கைத்தடியுமாக நாயோடு நடந்துபோகும் படம் முகப்பில் இருந்தால் கூடுதல் மகிழ்ச்சி. மலிவுப் பிரதிகளில் அது பெரும்பாலும் கறுப்புத் திட்டாகத்தான் வரும், அதற்காக விலை கூடக் கொடுக்காதீர்கள்.

பணமே செலவழிக்காமலும் படிக்கலாம். 1802, 1838, 1858, 1886 நூல்களுக்குக் காப்புரிமை எப்போதோ முடிந்துவிட்டது. மார்குவாண்டின் 1925 நூல் அமெரிக்காவில் 2021 தொடக்கத்தில் பொதுவுடைமை ஆனது. இந்தியச் சட்டப்படி ஆசிரியர் இறந்து அறுபது ஆண்டு கணக்கு என்பதால் இங்கேயும் 2020 முடிவோடு உரிமை தீர்ந்தது. இலவச நூலகத் தளங்களில் தேடும்போது பிக்கிளுக்குள் சொல் தேடல் உதவாது என்பதை நினைவில் வையுங்கள். அவர் ஒரே சொல்லை மூன்று விதமாக எழுதுவார். பக்கம் பக்கமாகப் புரட்டிச் சட்டிக் கதை வரும் இடத்தைக் கண்டுபிடித்து அங்கே ஒரு அடையாளம் வைத்துவிட்டு, பிறகு நாப்பைத் திறங்கள்.